சிலந்தி கடித்த பிறகு

அன்புள்ள ஆசிரியருக்கு,

நானும் நண்பனும் சேர்ந்து ஒரு சூப்பர்ஹீரோ காமிக்ஸ் செய்துகொண்டிருக்கிறோம். நான் எழுதுகிறேன், அவன் வரைகிறான். முதல் இதழ் 24 பக்கம். நாயகனுக்குச் சக்தி வந்த கதைக்கே 15 பக்கம் போய்விட்டது. ஆய்வுக்கூடம், விபத்து, மருத்துவமனை, சக்தியைச் சோதித்துப் பார்ப்பது என எல்லாம் இருந்தும் படித்தவர்கள் சலிப்பாக இருக்கிறது என்கிறார்கள். பறப்பது, அபார பலம், பிறர் மனத்தைப் படிப்பது, காயம் தானே ஆறுவது என்று அவனுக்கு நான்கு சக்திகள். வில்லன் உலகை ஆள நினைப்பவன். கதிரியக்கம் என்று இன்றைக்கும் சொன்னால் நம்புவார்களா, மரபணு மாற்றம் என்று வைத்துக்கொள்ளலாமா? பூர்வகதையே வேண்டாம், நேராகச் சண்டையில் தொடங்கு என்கிறான் நண்பன். எது சரி?

அன்புடன்,
ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

கதிரியக்கமா மரபணுவா என்பதை முதலில் முடித்துவிடலாம். எதை வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளுங்கள். அந்தந்தக் காலத்தில் மக்களுக்குப் பாதி புரிந்து, மீதி பயமாக இருந்த விஞ்ஞானம் எதுவோ அதைத்தான் காமிக்ஸ் எடுத்துக்கொண்டிருக்கிறது. 1941ல் கேப்டன் அமெரிக்காவுக்கு ஊசி மருந்து. 1961ல் ஃபென்டாஸ்டிக் ஃபோர் குழுவுக்குக் காஸ்மிக் கதிர். 1962ல் ஹல்க்குக்குக் காமா குண்டு, அதே ஆண்டு ஸ்பைடர்மேனுக்குக் கதிரியக்கச் சிலந்தி. அணுகுண்டுச் சோதனைச் செய்திகள் ஓயாமல் வந்துகொண்டிருந்த காலம் அது. 2000ல் ‘அல்டிமேட் ஸ்பைடர்மேன்’ தொடங்கியபோது அதே சிலந்தி ஆய்வுக்கூடத்தில் மரபணு மாற்றப்பட்டதாகிவிட்டது. ஸ்பைடர்மேனாகும் பையன் பீட்டர் பார்க்கர், பீட்டர் பார்க்கராகவேதான் இருந்தான்.

அவன் கதையையே கொஞ்சம் கிட்டத்தில் பார்ப்போம். 1962 ஆகஸ்ட் தேதியிட்ட ‘அமேசிங் ஃபேன்டசி’ 15ஆம் இதழில் எழுத்தாளர் ஸ்டான் லீயும் ஓவியர் ஸ்டீவ் டிட்கோவும் செய்த அந்தக் கதை மொத்தமே 11 பக்கம். சிலந்தி கடிப்பதற்குச் சில கட்டங்கள் போதுமாக இருந்திருக்கிறது. சுவரில் ஏறிப் பார்ப்பது, தன் பலத்தைக் கண்டு மலைப்பது எல்லாம் விறுவிறுவென்று முடிந்துவிடுகிறது. பிறகு அந்தப் பையன் மல்யுத்த மேடையில் பணம் சம்பாதிக்கிறான், தொலைக்காட்சியில் வித்தை காட்டுகிறான். ஒரு திருடன் அவனைத் தாண்டி ஓடுகிறான், துரத்தி வந்த காவலர் பிடிக்கச் சொல்லியும் அவன் கையை அசைக்கவில்லை. இனி யாருக்காகவும் மெனக்கெடப் போவதில்லை என்ற திமிர். பிற்பாடு, தன்னை வளர்த்த பெரியப்பா பென்னைக் கொன்றவனைக் கிடங்கு ஒன்றில் மடக்கிப் பிடிக்கும்போது வெளிச்சத்தில் முகம் தெரிகிறது. விட்டுவிட்ட அதே திருடன். சிலந்தி அவனுக்குச் சக்தியைக் கொடுத்தது, கதையைக் கொடுத்தது அந்தத் திருடன். சிலந்தியை எடுத்துவிட்டு வேறு எதையாவது வைத்தாலும் கதை நிற்கும், திருடனை எடுத்தால் நிற்காது.

உங்கள் 15 பக்கத்தில் விபத்து இருக்கிறது. உங்கள் நாயகன் தானாக எடுத்த முடிவு ஒன்றுகூட இல்லை. அவனுக்கு எல்லாம் நடக்கிறது, அவன் எதையும் செய்யவில்லை. படித்தவர்களுக்குச் சலிப்புத் தட்டியது அதனால்தான்.

நண்பர் சொல்வதில் பாதி நியாயம் இருக்கிறது. சூப்பர்மேன் 1938ல் அறிமுகமானபோது பூர்வகதைக்குக் கிடைத்தது ஒரே பக்கம். பேட்மேன் 1939 மே மாத ‘டிடெக்டிவ் காமிக்ஸ்’ 27ஆம் இதழில் வந்தார், பெற்றோர் சுட்டுக்கொல்லப்பட்ட கதை நவம்பர் மாத 33ஆம் இதழில்தான் வந்தது, அதுவும் 2 பக்கம். எக்ஸ்-மென் நாயகன் வோல்வரின் வந்தது 1974ல், இளமைக் கதை வெளிவரத் தொடங்கியது 2001ல். வாசகன் காத்திருப்பான். ஆனால் நீங்கள் காத்திருக்க முடியாது. பூர்வகதை உங்கள் நோட்டில் முதல் நாளே இருந்தாக வேண்டும், இல்லாவிட்டால் சண்டையில் அவன் ஏன் ஓர் அடி பின்வாங்குகிறான் என்று உங்களுக்கே தெரியாது.

இனி சக்திகள். உங்கள் காமிக்ஸின் உண்மையான சிக்கல் இங்கேதான்.

1938ன் சூப்பர்மேனுக்குப் பறக்கத் தெரியாது. எட்டில் ஒரு மைல் தாவுவார், 20 மாடிக் கட்டடத்தைத் தாண்டுவார், விரைவு ரயிலை முந்துவார், வெடிக்கும் பீரங்கிக் குண்டுக்குக் குறைந்த எதுவும் அவர் தோலைத் துளைக்காது. எல்லாமே அளவுகள். எறும்பு தன் எடையைப்போல் பல நூறு மடங்கு தூக்குகிறதே என்று அதற்கு ஒரு விளக்கமும் உண்டு. பின்னர் வானொலித் தொடரிலும் கார்ட்டூன் படங்களிலும் பறக்கத் தொடங்கினார், போகப்போகக் கிரகங்களையே நகர்த்தினார். மஞ்சள் சூரியன்தான் அவருக்குச் சக்தி தருகிறது என்ற விளக்கம் வந்ததே 1960 வாக்கில். அளவு போனதும் ஆபத்து போயிற்று. அதை ஈடுகட்ட எழுத்தாளர்கள் அவரைப் பலவீனமாக்கும் கல்லான கிரிப்டோனைட்டைப் பிடித்துக்கொண்டார்கள், பச்சை, சிவப்பு, தங்கம் என்று ரகம் ரகமாகப் பெருக்கினார்கள். 1971ல் ஒரு கதையில் பூமியிலுள்ள கிரிப்டோனைட் எல்லாவற்றையும் இரும்பாக மாற்றி, அவர் பலத்தையும் குறைக்க வேண்டியதாயிற்று. பலம் மீண்டும் ஏறியது, 1986ல் எழுத்தாளர் ஜான் பைர்ன் மறுபடி குறைத்தார்.

இதிலிருந்து ஒன்றைக் கவனியுங்கள். பலவீனத்தை வெளியிலிருந்து ஒட்டவைத்தால் சீக்கிரம் கிழிந்துவிடும். ஹால் ஜோர்டன் என்ற கிரீன் லேன்டர்னுக்குச் சக்தி தரும் மோதிரம் பழைய கதைகளில் மஞ்சள் நிறத்தின்மேல் வேலை செய்யாது. கையில் மஞ்சள் பொருள் வைத்திருக்கும் எவனும் அவருக்குச் சமம் என்றாகிவிடுகிறது. அதே மோதிரத்தை 24 மணி நேரத்துக்கு ஒருமுறை விளக்கில் சக்தியேற்ற வேண்டும் என்ற விதி எவ்வளவோ மேல், அதில் ஒரு கடிகாரம் ஓடுகிறது. ஸ்பைடர்மேன் தன் வலைத் திரவத்தைத் தானே தயாரிக்கிறான், சண்டை நடுவில் அது தீர்ந்துபோகும். 1973ல் பாலத்திலிருந்து விழும் தன் காதலி க்வென் ஸ்டேசியை வலை வீசிப் பிடிக்கிறான். பிடித்த கட்டத்தில் அவள் கழுத்தருகே சின்னதாக ‘ஸ்நாப்’ என்று எழுதியிருக்கும். வலை அறுபடவில்லை, குறியும் தப்பவில்லை. வேகமாக விழும் உடம்பைச் சட்டென்று நிறுத்தியதால் கழுத்து ஒடிந்தது என்று பிற்பாடு கடிதப் பகுதியில் விளக்கினார்கள். சக்தி சரியாக வேலை செய்ததே ஓர் உயிரைக் குடித்தது. காமிக்ஸில் சக்தி பற்றி எழுதப்பட்டவற்றில் இந்த ஒரு கட்டத்தை நான் எல்லாவற்றுக்கும் மேலாக வைப்பேன்.

உங்கள் நாயகனுக்கு வருகிறேன். மனத்தைப் படிப்பவனிடம் எந்த ரகசியமும் நிற்காது, சதித்திட்டமும் துரோகமும் இரண்டாம் பக்கத்திலேயே அம்பலம். காயம் தானே ஆறினால் அடிக்குப் பொருளில்லை. பறப்பவனைத் தெருவில் மடக்க முடியாது. இந்த மூன்றையும் வெட்டிவிட்டுப் பலத்தை மட்டும் வையுங்கள். காயம் ஆறுவதை விடவே மனமில்லை என்றால் வலியை விட்டுவைத்து ஆற்றுங்கள். வோல்வரினின் நகங்கள் ஒவ்வொரு முறையும் அவர் சதையைக் கிழித்துக்கொண்டுதான் வெளியே வருகின்றன. ஒரு தாளில் எழுதி வரைபவரிடமும் கொடுங்கள்: எத்தனை கிலோ தூக்குவான், எத்தனை நொடி தாங்குவான், தூக்க என்ன வேண்டும், இறக்கிய பிறகு உடம்பு என்ன ஆகும். 900 கிலோ, 40 நொடி, பிறகு ஒரு மணி நேரம் விரல்களை மடக்க முடியாது என்று வையுங்கள். ஒரு காரின் அடியில் சிக்கியவரை எடுப்பதா, வில்லனைப் பிடிப்பதா என்ற கேள்வி தானே பிறக்கும். வரைபவருக்கும் அந்த விரல்கள் வேலை கொடுக்கும்.

வில்லன். உலகை ஆள நினைப்பவன் என்பது தொழில், அதற்குப் பின்னால் ஆள் வேண்டும். டாக்டர் டூம் 1962ல் வந்தபோது முகமூடி போட்ட இன்னொரு கொடியவன்தான். 1964ல் வந்த பூர்வகதையில், அவன் கணக்கில் தசமப் பிழை இருக்கிறது என்று, பின்னாளில் ஃபென்டாஸ்டிக் ஃபோர் தலைவராகும் ரீட் ரிச்சர்ட்ஸ் எச்சரிக்கிறார். கேட்காமல் இயந்திரத்தை ஓட்டுகிறான், முகம் சிதைகிறது. பழி ரீட் மேல். பிறகு இரும்பு முகமூடியின் சூடு முழுதாக ஆறும்வரைகூடப் பொறுக்காமல் அதை எடுத்து முகத்தில் மாட்டிக்கொள்கிறான். தன் பிழையை ஒப்புக்கொள்ளாதவன் என்பதை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது.

எக்ஸ்-மென் கதைகளின் வில்லன் மேக்னீட்டோ 1963ல் வெறும் ஆணவக்காரன். 1981ல் கிறிஸ் கிளேர்மான்ட் எழுதிய கதையில், தான் தாக்கியது ஒரு சிறுமியை என்று கண்டு திகைத்து நிற்கும்போது ஆஷ்விட்ஸ் நாஜி வதைமுகாமில் கழிந்த தன் குழந்தைப்பருவத்தைச் சொல்கிறான். 18 ஆண்டுகளில் செய்த குற்றம் எதுவும் குறையவில்லை, ஆனால் எல்லாவற்றுக்கும் ஒரு வேர் கிடைத்துவிட்டது. பேட்மேனின் எதிரி ஜோக்கர் மட்டும் விதிவிலக்கு. ரசாயனக் கழிவில் மூழ்கித் தப்பியவன் என்று 1951ல் ஒரு கதை வந்தது. அவன் கடந்தகாலத்தைத் தெளிவில்லாமல் விடும்போதே அவன் அதிகம் அச்சுறுத்துகிறான். உங்கள் வில்லன் அந்த ரகம் இல்லை.

நீங்கள் செய்ய வேண்டியது இது. முதல் 7 பக்கம் இன்றைய சண்டை, அதில் ஒருமுறை 40 நொடி தீர்ந்து அவன் தோற்க வேண்டும். அடுத்த 4 பக்கம் பூர்வகதை: விபத்துக்கு அரைப் பக்கம், மீதி மூன்றரைப் பக்கமும் அவன் எடுத்த தவறான முடிவுக்கு. அந்த விபத்து நடந்த அதே கூடத்தில் வில்லனையும் நிறுத்திவையுங்கள், அவனுக்கும் அன்று ஏதோ போயிருக்கட்டும். பிறகு 10 பக்கம் கதை நிகழ்காலத்தில் ஓடட்டும். கடைசி 3 பக்கத்தில் வில்லன் அந்த நாளைத் தன் பக்கத்திலிருந்து சொல்லட்டும். அவன் சொல்வதில் ஒரு வரியாவது உண்மையாக இருக்க வேண்டும், நாயகனிடம் அதற்குப் பதில் இருக்கக் கூடாது. இரண்டாம் இதழுக்கு அதுதான் உங்கள் மூலதனம்.

அன்புடன்.