பிரிகிட்டே மீரா: கேள்வி பதில்

கேள்வி: மீராவைக் கண்டுபிடித்தவர் இயக்குநர் ஃபாஸ்பிண்டர்தானே?

பதில்: இல்லை. 1910இல் ஹாம்பர்க்கில் பிறந்த ஜெர்மானிய நடிகை மீரா, ஓபரெட்டா எனும் இலகுவான இசைநாடக மேடைகளில் பாடி வளர்ந்து, போருக்குப் பின் பெர்லினின் கேபரே எனும் நையாண்டிப் பாட்டு மேடைகளிலும் மேற்கு ஜெர்மானியப் படங்களின் சிறு வேடங்களிலும் பல்லாண்டு உழைத்தவர். ஃபாஸ்பிண்டரின் 'அச்சம் ஆன்மாவைத் தின்னும்' 1974இல் வெளிவந்தபோது அவர் அறுபதைக் கடந்திருந்தார். அவரை நான் துணைநடிகை என்றே சொல்வேன்.

கேள்வி: அப்படத்தில் எம்மியாக அவர் என்ன சாதித்தார்?

பதில்: துப்புரவுப் பணி செய்யும் விதவையான எம்மி, தம்மைவிட மிக இளையவரான மொராக்கோத் தொழிலாளி அலியை மணந்ததும், உடன் பணிபுரியும் பெண்கள் அவரை ஒதுக்குகிறார்கள். இடைவேளையில் படிக்கட்டில் தனியே அமர்ந்திருக்கும் அவரைக் கைப்பிடிக் கம்பிகளின் ஊடாகக் கேமரா காட்டுகிறது. பின்னர் யூகோஸ்லாவியாவிலிருந்து வந்த புதிய பணிப்பெண் அவ்வாறே படியில் தனித்து அமர, எம்மியோ இப்போது ஒதுக்குபவர்களுடன் சேர்ந்து கூலியைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறார். மீரா தம் முகத்தைக் கொடியதாக்கிக்கொள்வதே இல்லை. நாம் நேசித்த அதே கனிந்த முகம் இதையும் செய்கிறது என்பதுதான் நம்மை உலுக்குகிறது. மொழிமாற்றுக் குரலில் பார்க்காதீர்கள். அவருடைய நடிப்பில் பாதி குரலில் இருக்கிறது.

கேள்வி: எம்மிதான் அவருடைய முதல் படமா?

பதில்: முதல் பதிலைப் படியுங்கள்.

கேள்வி: அந்த வேடத்துக்காக ஜெர்மன் திரைப்பட விருது பெற்றவரைத் துணைநடிகை என்பது அநீதியல்லவா?

பதில்: அதே 1974இல் இயக்குநர் ஹெர்ட்சோக்கின் காஸ்பர் ஹவுசர் படத்தில் வீட்டுப் பணிப்பெண்ணாகவும், 1980இல் 'பெர்லின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ்' தொலைக்காட்சித் தொடரில் வீட்டுக்கார அம்மையார் பாஸ்டாகவும் நடித்தார். விருதுக்குப் பிறகும் சிறு வேடங்களை அவர் தாழ்வாக எண்ணவில்லை. நாம் ஏன் எண்ண வேண்டும்?

கேள்வி: 1975இல் வந்த 'அன்னை கியூஸ்டர்ஸ்' படத்தில் நாயகி அவர்தானே? உங்கள் வாதம் உடைகிறதே!

பதில்: உடையவில்லை. அதிலும் அவரே நாயகி. ஆனால் நீண்ட வாழ்நாளில் அத்தகைய வேடங்கள் மிகச் சிலவே. அவற்றை மட்டும் எடுத்துக்கொண்டால் அவர் பிழைத்த தொழிலே மறைந்துபோகும்.

கேள்வி: நாஜி ஆட்சியின் பிரச்சாரக் குறும்படங்களில் அவர் நடித்தது உண்மையா?

பதில்: உண்மை. தந்தை யூதர் என்பதை மறைத்து வாழ்ந்துகொண்டே, போரின் பிற்பகுதியில் 'லீஸே, மீஸே' குறும்படங்களில் செய்யத்தகாததைச் செய்யும் மீஸேயாக வந்தார். இவ்விரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

கேள்வி: மொழிமாற்றுப் பதிப்பு போதுமா?

பதில்: போதாது, மேலே சொல்லிவிட்டேன்.

கேள்வி: ஜெர்மானிய வீடுகளில் அவரை எதற்காக நினைவில் வைத்திருந்தார்கள்?

பதில்: 1977இல் தொடங்கிய 'கிரில் கடையின் மூன்று பெண்மணிகள்' தொடருக்காக. பெர்லினில் சாசேஜ் கடை நடத்தும் மூன்று தலைமுறைப் பெண்களில் பாட்டி அவர்தான்.