அப்போலியானா, கீட்டரா?

உங்கள் கதையில் ஊர்க்காரர்களின் பெயர்களை அழிக்கும் மூடுபனிக்கு எஸ்சிபி (விநோதங்களைப் பிடித்து அடைத்து வைக்கும் ஒரு கற்பனை அமைப்பைப் பற்றிப் பலர் சேர்ந்து எழுதும் இணையப் புனைவு) பாணியில் அப்போலியான் வகை கொடுத்தும் ஏன் எடுபடவில்லை என்று கேட்டிருந்தீர்கள். சிக்கல் பனியில் இல்லை, அதை அடைத்து வைக்க நீங்கள் எழுதிய நடைமுறையில்தான். "3 மீட்டர் கான்கிரீட் சுவர், 6 மணி நேரத்துக்கு ஒருமுறை காவல் மாற்றம்" என்கிறீர்கள். சுவர் தாங்குகிறது என்றால் பனி அடைபட்டுவிட்டதே!

வகை காட்டுவது ஆபத்தை அல்ல, அடைக்கும் சிரமத்தை. பெட்டியில் பூட்டிவிட்டுப் போனால் அப்படியே கிடப்பது சேஃப். என்ன ஆகுமென்று உறுதியாகத் தெரியாதது யூக்ளிட். சுலபமாக வெளியேறிவிடுவது கீட்டர். உலகையே அழிக்கும் பொத்தான்கூட, தானாக இயங்காதவரை சேஃப்தான். அப்போலியான் என்றால் அடைக்கவே முடியாது, அல்லது அடைப்பு உடையப்போவது உறுதி.

ஆகவே சுவரை எடுத்துவிடுங்கள். பனி நாளொன்றுக்கு 40 மீட்டர் நகர்கிறது, வழியிலுள்ள ஊர்களைக் காலி செய்கிறார்கள், வாக்காளர் பட்டியலைத் தொலைவில் படியெடுத்து வைக்கிறார்கள் என்று எழுதுங்கள். நடைமுறைப் பகுதி தடுப்பதைப் பற்றி அல்ல, தாமதப்படுத்துவதைப் பற்றி இருக்க வேண்டும். எஸ்சிபி-2317 என்ற அப்போலியான் கதையில், உள்ளே இருப்பதைக் கட்டிவைத்த 7 சங்கிலிகளில் 6 அறுந்துவிட்டன. அந்த ஒரு கணக்கே வயிற்றைப் பிசைகிறது. உங்கள் பனிக்கும் அப்படியொரு எண் தேவை.

சுவரை விட மனமில்லையா? கீட்டர் போடுங்கள், அதுவும் நல்ல கதைதான்.