ஈடு வைத்த வீட்டை ஏலத்தில் விற்கப்போவதாக வங்கியின் அறிவித்தல் பத்திரிகையில் வந்துவிட்டது. நீதிமன்றம் சென்று தடுக்க முடியுமா?

முடியும்; ஆனால் கையில் பணமில்லை என்பது மட்டும் அதற்குக் காரணமாகாது. இலங்கையில் பரேட் சட்டம் என்று நாம் அழைக்கும் 1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டம், வழக்குப் போடாமலே, பணிப்பாளர் சபையின் தீர்மானம் ஒன்றைக்கொண்டு ஈட்டுச் சொத்தைப் பகிரங்க ஏலத்தில் விற்கும் அதிகாரத்தை வங்கிக்கு வழங்குகின்றது. அந்த அதிகாரம் உங்கள் காணிக்குச் செல்லுபடியாகுமா என்பதையே நீதிமன்றம் பார்க்கும்.

நான் சட்டத்தரணி அல்லன். அக்காவின் வீடு ஏல அறிவித்தலில் வந்தபோது கோப்போடு அலைந்து கற்றதைத்தான் எழுதுகிறேன். அத்தான் தமது கடைக்காக 80 இலட்சம் ரூபாய் கடன் எடுத்திருந்தார். ஈடு வைத்த வீடோ அக்காவின் சீதன உறுதியில் இருந்தது. யாழ்ப்பாணத்தில் இது வழமையான நிலைமை என்பதால் எல்லோரும் முதலில் பார்க்க வேண்டியதும் இதுவே. இராமச்சந்திரன் வழக்கு என்று சட்டத்தரணிகள் குறிப்பிடுகின்ற, 2006 ஆம் ஆண்டின் இலங்கைச் சட்ட அறிக்கைகளில் வெளியான தீர்ப்பில், கடன் பெற்றவர் ஒருவரும் சொத்தை ஈடு வைத்தவர் வேறொருவருமாக இருந்தால் பரேட் முறையில் விற்க முடியாது என்று உயர் நீதிமன்ற நீதியரசர்களில் பெரும்பான்மையோர் கூறினர். எனினும் மனைவியும் கடன் ஒப்பந்தத்தில் இணைக் கடனாளியாகக் கையொப்பமிட்டிருந்தால் இந்த வாதம் நிற்காது. கம்பனியின் கடனுக்காகப் பணிப்பாளர் தமது சொந்தக் காணியை ஈடு வைத்த ஒரு வழக்கில், கம்பனி என்ற திரையை விலக்கி அதன் பின்னால் இருப்பவரைப் பார்த்த அதே நீதிமன்றம் 2014 இல் வங்கியின் பக்கம் தீர்ப்பளித்தது. ஆகவே ஈட்டு முறியை மட்டுமன்றிக் கடன் ஒப்பந்தத்தையும் எடுத்து, யார் எந்த நிலையில் ஒப்பமிட்டார் என்று பாருங்கள்.

அடுத்தது தொகை. 2011 ஆம் ஆண்டின் திருத்தத்தின்படி, கடனாகப் பெற்ற அசல் 50 இலட்சம் ரூபாய்க்குக் குறைவாக இருந்தால் பரேட் நடவடிக்கை எடுக்க முடியாது. வட்டியும் தண்டவட்டியும் ஏறி நிலுவை அந்த எல்லையைத் தாண்டியிருந்தாலும் அவை கணக்கில் சேரா. அப்போது வங்கி வழக்குத்தான் தொடர வேண்டும். கடன் அறவீட்டுச் சட்டத்தின்கீழ் அது வந்தால், எதிர்வாதம் செய்வதற்கே நீதிமன்றத்தின் அனுமதியைப் பெற வேண்டியிருக்கும் என்பதால், நீதிமன்றம் அனுப்பும் ஆணையை மேசை இலாச்சிக்குள் போட்டுவிட்டு இருந்துவிடாதீர்கள்.

காலம் மிகக் குறுகியது. விற்பனை அறிவித்தலுக்கும் ஏலத்துக்கும் இடையில் சட்டம் வைக்கும் ஆகக்குறைந்த அவகாசம் 14 நாள். ஏலம் முடிந்து விற்பனைச் சான்றிதழ் எழுதப்பட்டால், நடைமுறைகள் யாவும் சரியாக நடந்தன என்பதற்கு அச்சான்றிதழே முடிவான சான்றாகிவிடும். எனவே அதற்கு முன்னரே மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கிட்டு, ஏலத்தைத் தற்காலிகமாக நிறுத்தும் கட்டாணையைக் கேட்க வேண்டும். கட்டாணை ஒரு தடவைக்கு 14 நாளுக்கு மேல் போகாது. இடைக்காலத் தடை வழங்குவதா என்பதை மற்றப் பக்கத்தையும் கேட்ட பின்னரே நீதிபதி தீர்மானிப்பார். வங்கியுடன் முன்பு செய்த தவணை ஏற்பாடுகளை மறைத்து ஆணை பெற்றால், அந்த மறைப்பே அதனைக் கலைக்கப் போதும்.

எங்களுக்குக் கட்டாணை கிடைத்தது, கடன் குறையவில்லை. ஈடு செல்லுபடியாகவே இருந்ததால் வங்கி சாதாரண ஈட்டு வழக்கைத் தொடர்ந்திருக்கலாம். கிடைத்த அவகாசத்தில் கொடிகாமத்துத் தென்னங்காணியை நல்ல விலைக்கு விற்று ஒரு பகுதியைக் கட்டி, மீதியைத் தவணையாக்கி, வழக்கை இணக்கத்தில் முடித்தோம். ஏலத்தில் போயிருந்தால் வீடு என்ன விலைக்குப் போயிருக்கும் என்பதை நினைக்க இன்றும் அக்கா விரும்புவதில்லை.

பரேட் நடவடிக்கைகள் இடைநிறுத்தப்பட்டுள்ளன என்று இன்றும் சிலர் ஆறுதல் சொல்வார்கள். 2024 இல் வந்த அந்த இடைநிறுத்தம் 2025 மார்ச் 31 வரைதான் நீடிக்கப்பட்டது. உங்கள் கடன் இலங்கை வங்கியிலோ மக்கள் வங்கியிலோ என்றால் அவற்றுக்குத் தனித்தனிச் சட்டங்கள் உள்ளன. மேலே சொன்னவற்றை அப்படியே பொருத்த வேண்டாம். உறுதி யாருடைய பெயரில் உள்ளது, கடன் பெற்றவராக அறிவித்தலில் யார் குறிப்பிடப்பட்டுள்ளார், அசல் எவ்வளவு என்ற மூன்றையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு நாளைக்கே ஒரு சட்டத்தரணியிடம் செல்லுங்கள்.