வார இறுதி முழுக்கச் சும்மா இருந்தும் மனம் ஏன் களைப்பாகவே இருக்கிறது?

உடல் ஓய்வு வேறு, மன ஓய்வு வேறு. மன ஓய்வு என்பது வேலை நினைப்பிலிருந்து மனம் விடுபடுவது. இரண்டு நாளும் படுத்தபடி போன் திரையைத் தள்ளிக்கொண்டிருந்தால் உடல்தான் படுத்திருக்கிறது, கவனம் ஓடிக்கொண்டே இருக்கிறது.

பாதியில் விட்ட வேலை தானாகவே நினைவுக்கு வந்து நிற்கும். அடுப்பில் பாலை வைத்துவிட்டுப் பக்கத்து அறையில் உட்கார்ந்தால் காது அடுப்பிலேயே இருக்குமே, அப்படித்தான். அணைத்தால்தான் நிம்மதி.

அணைக்க, வெள்ளி மாலை 10 நிமிடம் ஒதுக்கி மிச்ச வேலைகளைத் தாளில் எழுதுங்கள். "அறிக்கையை முடிக்க வேண்டும்" என்பது போதாது. "திங்கள் 10 மணி, அறிக்கையின் 3ஆம் பக்க அட்டவணை" என்று எழுதுங்கள். எப்போது, எங்கிருந்து தொடங்குவது என்று தெரிந்தால்தான் மனம் பிடியை விடும். உளவியலாளர்கள் மசிகாம்போ, பௌமைஸ்டர் இருவரும் 2011இல் வெளியிட்ட ஆய்வும் இதையே காட்டியது.

பிறகு ஒருநாள் போன் இல்லாமல் 30 நிமிடம் நடங்கள். தொடக்கத்தில் சலிப்புத் தட்டும். பலர் அங்கேயே விட்டுவிடுகிறார்கள். தயவுசெய்து பொறுங்கள், புது யோசனைகள் பெரும்பாலும் அதற்குப் பிறகுதான் வரும். வெளிவேலை இல்லாதபோது மூளையின் சில பகுதிகள் கூடுதலாகச் சுறுசுறுப்படைகின்றன. 2001இல் நரம்பியல் ஆய்வாளர் மார்கஸ் ரெய்க்கிள் குழு இதை விவரித்தது. திரும்பியதும் தோன்றியதை 2 வரி எழுதிவையுங்கள்.

வாரத் தூக்கக் கடனை ஞாயிறு மதியம்வரை தூங்கி அடைத்துவிடலாம் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படித் தூங்கினால் உடல் கடிகாரம் தள்ளிப்போய், அன்றிரவே தூக்கம் வராமல் புரள வேண்டியிருக்கும்.