டீச்சர்கிட்ட கேளுங்க: ஆடு மேய்க்கப் போன பையன் ஸ்கூலுக்குத் திரும்பினானா?

இந்த மாசம் வந்த லெட்டர்ல பாதிக்கு மேல ஸ்கூல் பத்தினதுதான், அதனால மத்த கேள்விகள அடுத்த மாசத்துக்குத் தள்ளி வச்சிருக்கேன், கோவிச்சுக்காதீங்க.

கேள்வி: வணக்கம் டீச்சர். கம்யூனிஸ்ட்டுன்னா எங்க பாட்டிக்கு 48ல எல்பில் தோட்டத்துல துரைய சுட்டவங்க, அவ்ளோதான் தெரியும். ஆனா 1990 வாக்குல நெறைய நாடு கம்யூனிசத்த விட்டுடுச்சுன்னு படிச்சேன். அப்படி ஆட்சி மாறினப்ப அங்க உள்ள ஸ்கூல் பிள்ளைங்களுக்கு என்னாச்சு?
– ஆறாம் படிவ மாணவன், சுங்கை சிப்புட்

பதில்: பாட்டி சொல்றது சரிதான் தம்பி. 1948 ஜூன் 16 காலையில நம்ம வட்டாரத்துல மூணு வெள்ளைக்காரத் துரைங்கள சுட்டதுக்கு அப்புறம்தான் மலாயாவுல அவசரகாலமே வந்துச்சு, பெரியவங்களுக்கு அந்த வார்த்தைய கேட்டாலே கம்பி வேலியும் ஊரடங்கும்தான் ஞாபகம் வரும். நீ கேக்குறதுக்கு நான் மங்கோலியாவ வச்சு பதில் சொல்றேன், ஏன்னா அந்தக் கதை தோட்டத்துல வளந்த நமக்கு சட்டுன்னு புரியும்.

அங்க நெறைய சனம் ஆடு, மாடு, குதிரை மேய்க்கிறவங்க, இன்னிக்கு இந்தப் புல்வெளி, அடுத்த மாசம் வேற எடம், கூடாரத்த கழட்டி ஏத்திகிட்டு போய்கிட்டே இருப்பாங்க. அப்ப பிள்ளைங்க எப்படி படிக்கும்? கம்யூனிஸ்ட் அரசாங்கம் ஒவ்வொரு சின்ன ஊர்லயும் ஸ்கூலோட சேத்து ஹாஸ்டல் கட்டுச்சு, சாப்பாடு, கட்டில், கணப்பு எல்லாம் இலவசம், அதனாலதான் அவ்ளோ பெரிய வெட்டவெளி நாட்டுல எழுதப் படிக்கத் தெரியாத ஆளே கிட்டத்தட்ட இல்லாம இருந்துச்சு. சுதந்திரமா பேச முடியாது, மார்க்ஸ் லெனின் பாடம் கட்டாயம், அதையும் மறைக்காம சொல்லணும். செலவுக்குப் பெரிய பங்கு சோவியத் காசு.

1990ல மக்கள் தெருவுக்கு வந்தாங்க, குளிர்ல உண்ணாவிரதம் இருந்தாங்க, மேலிடத் தலைவருங்க ராஜினாமா பண்ணாங்க, ஜூலையில பல கட்சி தேர்தல், 1992ல புது அரசியல் சட்டம். அதே நேரத்துல சோவியத் ஒடஞ்சு காசு நின்னு போச்சு. அப்ப கல்விச் சீர்திருத்தம்னு பேசினது பூரா புத்தகத்தப் பத்திதான், பழைய அரசியல் பாடத்த எடுக்கணும், ரஷ்ய மொழி வாத்தியார ஆங்கில வாத்தியாரா மாத்தணும், மேலிருந்து கீழ எழுதுற பழைய மங்கோலிய எழுத்த திரும்பக் கொண்டு வரணும்னு (சின்ன வகுப்புல கொண்டாந்தாங்க, அப்புறம் மறுபடி ரஷ்யாக்காரங்க எழுதுற சிரில்லிக் எழுத்துக்கே போயிட்டாங்க, நடுவுல மாட்டின பிள்ளைங்க பாவம்). ஆனா ஒடஞ்சது ஹாஸ்டல். கணப்புக்கு நிலக்கரி இல்ல, வெளியில மைனஸ் 30 டிகிரி, சாப்பாட்டுக்கு வழியில்ல, ஒரு கட்டத்துல பிள்ளைக்கு எறைச்சி நீங்களே கொண்டாந்து குடுங்கன்னு பெத்தவங்ககிட்ட கேட்டாங்க.

அதே வருஷங்கள்ல கூட்டுப் பண்ணைய கலைச்சு ஆடு மாட்ட குடும்பத்துக்குப் பிரிச்சுக் குடுத்தாங்க. நேத்து வரைக்கும் சம்பளக்காரன், இன்னிக்கு சொந்த மந்தை, ஆனா மேய்க்க ஆள் வேணுமே! யாரு போவா? பையன்தான். அந்த 90கள்ல படிப்ப விட்டதுல ஆம்பளப் பசங்கதான் அதிகம், பொண்ணுங்க தொடர்ந்து படிச்சாங்க, அதனால இன்னிக்கு வரைக்கும் அங்க யுனிவர்சிட்டியில பொண்ணுங்கதான் கூட.

இத படிச்சப்ப எனக்கு என் பழைய மாணவன் ஒருத்தன் ஞாபகம்தான். தோட்டம் கை மாறின வருஷம், அம்மாவோட விடியக்காலையிலயே ரப்பர் மரத்துல பால் வெட்டப் போயி, பால் வடியற மங்கு தொடச்சுக் குடுத்துட்டு நேரா கிளாசுக்கு வருவான். விரல் நகத்த சுத்தி பால் காஞ்சு ஒட்டியிருக்கும், அத சுருள் சுருளா உரிச்சு மேசை ஓரத்துல வரிசையா வச்சுகிட்டே ஏழாம் வாய்ப்பாடு சொல்லுவான், ஒரு தப்பு வராது, எட்டாம் வாய்ப்பாடு ஆரம்பிக்கறதுக்குள்ள தூங்கிடுவான். நான் எழுப்ப மாட்டேன். அடுத்த வருஷம் அந்த மேசை காலி. அப்ப நாங்க வாத்தியாருங்க எல்லாம் புதுப் பாடத்திட்டத்துக்கு கோர்ஸ் போய்கிட்டு இருந்தோம், அந்தப் பையன் லைன் வீட்டுக்குப் போயி ஏன் வரலன்னு கேக்க யாருக்கும் தோணல, எனக்கும் தோணல, அது இன்னமும் மனச அறுக்குது.

மங்கோலியாவுல 2000ல ஹாஸ்டல் செலவ அரசாங்கமே திரும்ப ஏத்துகிச்சு, படிப்ப விடுறது கொறைய ஆரம்பிச்சுது, 2006லேருந்து சின்ன வகுப்புக்கு ஸ்கூல்லயே சிற்றுண்டி. பத்து வருஷ படிப்ப 2005ல பதினொன்னு, 2008ல பன்னெண்டுன்னு நீட்டினாங்க. அதுல ஒரு புது கஷ்டம், முன்ன எட்டு வயசுல ஸ்கூலுக்குப் போன பிள்ளை இப்ப ஆறு வயசுல போகணும், அவ்ளோ சின்னத ஹாஸ்டல்ல விட எந்த அம்மாவுக்கு மனசு வரும், அதனால அம்மா பிள்ளையோட ஊர்ல, அப்பா தனியா மந்தையோடன்னு குடும்பம் ரெண்டாப் பிரியுது. இதையெல்லாம் பாத்துட்டுதான் தம்பி சொல்றேன், பிள்ளைய வீட்லேருந்து ஸ்கூல் வாசலுக்குக் கொண்டு வந்து சேக்குற வழிய மொதல்ல பாக்கணும், புத்தகத்த அப்புறம் மாத்திக்கலாம்.

கேள்வி: என் மகன் தமிழ்ப்பள்ளி முடிச்சு படிவம் ஒன்னு போயிருக்கான். எல்லாம் மலாய்லயே நடக்குதுன்னு வாயே தொறக்க மாட்றான் டீச்சர். மத்த நாட்லயும் இப்படி நடக்குதா?
– ஒரு அம்மா, லிந்தாங்

பதில்: நடக்குதும்மா. எஸ்தோனியான்னு ஒரு சின்ன நாடு, 1991 ஆகஸ்ட்ல சோவியத்த விட்டு வந்துச்சு, 1996ல புலிப் பாய்ச்சல்னு ஒரு திட்டம் போட்டு ஸ்கூல்களுக்கு எல்லாம் கம்ப்யூட்டரும் இன்டர்நெட்டும் குடுத்துச்சு, இப்ப 15 வயசு பிள்ளைங்களுக்கு வைக்கிற பீசா பரீட்சையில ஐரோப்பாவுலயே முன்வரிசை. எல்லாரும் கம்ப்யூட்டரையே பேசுவாங்க, நான் அங்க ஸ்கூல்ல மதிய சாப்பாடு இலவசம்ங்கறதையும் சேத்து சொல்லுவேன். ஆனா அதே நாட்டுல ரஷ்ய மொழி பேசுற பிள்ளைங்களுக்குத் தனி ஸ்கூல் இருந்துச்சு, அந்தப் பிள்ளைங்க அதே பரீட்சையில பின்தங்கியே இருந்தாங்க. 2024 செப்டம்பர்லேருந்து ஒன்னாம் வகுப்பும் நாலாம் வகுப்பும் எஸ்தோனிய மொழிக்கு மாறிடுச்சு, 2030க்குள்ள எல்லா வகுப்பும் மாறணும். நார்வான்னு எல்லை ஊரு, அங்க முக்காவாசிக்கு மேல ரஷ்ய மொழிக்காரங்க, சொல்லிக் குடுக்குற வாத்தியாரே எஸ்தோனிய மொழிப் பரீட்சை பாஸ் பண்ண வேண்டிய நிலைமை.

நாட்டு மொழிய நல்லா படிக்கணும், அதுல எனக்கு ரெண்டு பேச்சு இல்ல. ஆனா வீட்டு மொழிய வெட்டி எறிஞ்சாதான் அது வரும்னு யார் சொன்னாலும் ஒத்துக்க மாட்டேன். எங்க காலத்துல படிவம் ஒன்னுக்கு முன்னாடி மலாய் கத்துக்க ரிமூவ் கிளாஸ்னு ஒரு வருஷம் ஒக்கார வைப்பாங்க, நெறைய பிள்ளைங்க அதுலயே மனசு விட்டுச்சு. உங்க மகன்கிட்ட தெனம் ராத்திரி ஸ்கூல்ல என்ன நடந்துச்சுன்னு தமிழ்ல கேளுங்க, அப்புறம் அதையே மலாய்ல ரெண்டு வரி சொல்லச் சொல்லுங்க. தப்பா சொன்னா சிரிக்காதீங்க.

கேள்வி: தோட்டத்துப் பிள்ளைன்னாலே கடைசி கிளாஸ்ல போடுறாங்க. யார்கிட்ட போய் கேக்கறது?
– ஒரு தாத்தா

பதில்: ஐயா, செக் நாட்டுல ஒஸ்ட்ராவான்னு ஒரு சுரங்க ஊரு. கம்யூனிசம் போயும் அங்க உள்ள சிறுபான்மை ரோமா இனத்துப் பிள்ளைங்கள மூளை வளர்ச்சி இல்லாதவங்களுக்கான ஸ்கூல்ல தள்ளிகிட்டே இருந்தாங்க, அந்த ஊர்ல மத்த பிள்ளையவிட ரோமா பிள்ளை அங்க போறதுக்கு 27 மடங்கு வாய்ப்புன்னு கோர்ட்ல கணக்கு காட்டினாங்க. 18 பிள்ளைங்க சார்பா கேஸ் போட்டாங்க, 2006ல தோத்தாங்க, விடாம மேல போயி 2007 நவம்பர்ல ஐரோப்பிய மனித உரிமை கோர்ட்ல ஜெயிச்சாங்க. அதனால கேளுங்க ஐயா. தனியா போகாம நாலு பெத்தவங்கள கூட்டிகிட்டு, எந்த மார்க்க பாத்து பிரிச்சீங்கன்னு எழுத்துல கேளுங்க.

கேள்வி: வேன் காசு கட்ட முடியல டீச்சர். மூத்தவன ஒரு வருஷம் மட்டும் நிறுத்திட்டு அப்புறம் சேக்கலாம்னு இருக்கேன். என்னோட செம்பனைத் தோட்டத்து வேலைக்கு வந்தா கொஞ்சம் ஒதவியா இருக்கும்.
– ஒரு அப்பா

பதில்: வேணாம் தம்பி, நிறுத்தாதீங்க. மங்கோலியாவுல மந்தைக்குப் போன பசங்கள்லயும் எத்தனையோ பேரு ஒரு குளிர் காலம் மட்டும்னுதான் போயிருப்பாங்க. திங்கக்கிழம காலையில தலைமையாசிரியர போய் பாருங்க, வேன் காசு விஷயத்த பெற்றோர் ஆசிரியர் சங்கத்துலயும் சொல்லுங்க, சின்னவன் ஆரம்பப் பள்ளியா இருந்தா ஸ்கூல்ல இலவசமா குடுக்குற ஆர்எம்டி சாப்பாட்டுக்குப் பேரு குடுங்க. வெக்கப்படாதீங்க. எந்த ஊரு, எந்த ஸ்கூல்னு எனக்கு ஒரு வரி எழுதிப் போடுங்க, நானே கூட வர்றேன்.