கேம் திறந்ததும் திரை கறுப்பு: வாசகர் கேள்விகளும் பதில்களும்

இந்த முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை ஒரே வரியில்தான் தொடங்குகின்றன: "கேம் ஓபன் பண்ணா ஸ்கிரீன் கறுப்பா போயிடுது." கறுப்பிலும் வகை இருக்கிறது. மானிட்டர் விளக்கு நிறம் மாறி 'நோ சிக்னல்' என்று வந்தால் அது ஒரு வகை. 'அவுட் ஆஃப் ரேஞ்ச்' என்று ஒரு சின்னப் பெட்டி மிதந்தால் அது வேறு. பாட்டும் துப்பாக்கிச் சத்தமும் கேட்கிறது, படம் மட்டும் இல்லை என்றால் இன்னொன்று. எனக்கு எழுதும்போது இதில் எது என்று சொல்லிவிட்டால் பாதி வேலை முடிந்துவிடும்.

ஒரு கேம் திறக்கும்போது கேம், கிராபிக்ஸ் டிரைவர் (கிராபிக்ஸ் கார்டை இயக்கும் மென்பொருள்), மானிட்டர் மூன்றும் ஒத்துப்போக வேண்டும். இத்தனை அகலம், இத்தனை உயரம், நொடிக்கு இத்தனை தடவை என்று கேம் கேட்கும். டிரைவர் அதை அனுப்பும். மானிட்டர் காட்டும். தகராறு அனேகமாக இந்தப் பேச்சுவார்த்தையில்தான் வருகிறது, பொருள் கெட்டுப்போவதால் வருவது குறைவு. அதனால் காசு செலவழிப்பதற்கு முன்னால், கண்ட இடத்திலிருந்து எதையாவது இறக்குவதற்கு முன்னால், மூன்றில் எது முரண்டு பிடிக்கிறது என்று பார்த்துவிடுங்கள்.

சார், அண்ணன் பெங்களூரில் வைத்திருந்த சிபியூவை வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டார். எங்கள் மானிட்டர் பழசு, 1366-க்கு 768. விண்டோஸ் நன்றாக வருகிறது. இரண்டு கேம் மட்டும் திறந்ததும் 'அவுட் ஆஃப் ரேஞ்ச்' என்கிறது. மானிட்டர் மாற்ற வேண்டுமா? (கல்லூரி மாணவர், திண்டுக்கல்)

வேண்டாம். அண்ணனிடம் இருந்தது பெரிய மானிட்டராக இருந்திருக்கும். 2560-க்கு 1440, 144 ஹெர்ட்ஸ் (நொடிக்கு 144 தடவை) மாதிரி ஒன்று. அந்த அளவை கேம் ஒரு ஃபைலில் எழுதி வைத்திருக்கிறது. வீடு மாறிய விஷயம் அதற்குத் தெரியாது. பழைய அளவிலேயே படம் கேட்கிறது, உங்கள் மானிட்டர் முடியாது என்கிறது.

முதலில் கறுப்பாக இருக்கும்போதே ஆல்ட் கீயை அழுத்திக்கொண்டு என்டர் தட்டுங்கள். பல கேம்கள் முழுத்திரையை விட்டு ஜன்னலாகச் சுருங்கிவிடும். அப்புறம் உள்ளே போய் ரெசல்யூஷனை, அதாவது படத்தின் அகல உயர அளவை, மாற்றிக்கொள்ளலாம்.

அது எடுபடாவிட்டால், கேம் வாங்கி ஆடும் ஸ்டீம் செயலியில் கேம் பெயரின் மேல் ரைட் கிளிக் செய்து பிராப்பர்ட்டீஸ், அதில் லாஞ்ச் ஆப்ஷன்ஸ் என்ற கட்டத்துக்குப் போங்கள். ஜன்னலாகத் திற என்ற கட்டளையை அங்கே எழுதலாம். ஆனால் எல்லாக் கேமுக்கும் ஒரே கட்டளை இல்லை. வால்வ் நிறுவனத்தின் கேம்களுக்கு ஒரு மாதிரி, யூனிட்டி என்ற கேம் உருவாக்கும் மென்பொருளில் செய்தவற்றுக்கு வேறு மாதிரி, அன்ரியல் என்ற மென்பொருளில் செய்தவற்றுக்கு இன்னொரு மாதிரி. உங்கள் கேம் எதில் செய்தது என்று பார்த்துவிட்டு எழுதுங்கள். ஒருவருக்கு வேலை செய்ததை அப்படியே ஒட்டிவிட்டு, நமக்கு மட்டும் வரவில்லையே என்று பலர் சோர்ந்துபோவது இதனால்தான்.

கடைசி வழி, அந்த அமைப்பு ஃபைலையே ஒதுக்குவது. அது பெரும்பாலும் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டருக்குள்ளோ ஆப்டேட்டாவுக்குள்ளோ இருக்கும். அழிக்காதீர்கள், பெயரை மட்டும் மாற்றுங்கள். பக்கத்திலேயே அண்ணன் ஆடிச் சேமித்த ஆட்டமும் இருக்கலாம், அது போய்விட்டால் திரும்ப வராது. இதைச் செய்தும் பழைய அளவே திரும்பி வந்தால் ஸ்டீம் கிளவுட் (ஸ்டீம் இணையத்தில் வைத்திருக்கும் நகல்) அந்த ஃபைலை மறுபடி இறக்குகிறது என்று அர்த்தம். அந்தக் கேமுக்கு மட்டும் கிளவுடைக் கொஞ்ச நேரம் நிறுத்திவிட்டு முயன்று பாருங்கள்.

சத்தம் கேட்கிறது, படம் இல்லை. லேப்டாப். போன வாரம் ஹால் டிவியில் கிரிக்கெட் பார்க்க ஹெச்டிஎம்ஐ போட்டோம். அதற்கு முன் எல்லாம் சரியாக இருந்தது. (நெய்வேலி)

பதிலை நீங்களே எழுதிவிட்டீர்கள். கேம் டிவி இருந்த இடத்தில் திறக்கிறது. வயர் இன்னும் சொருகியிருந்தால் டிவியை ஆன் செய்து பாருங்கள், அங்கே ஓடிக்கொண்டிருக்கும். விண்டோஸ் கீயும் பி-யும் (P) சேர்த்து அழுத்தி, கணினித் திரை மட்டும் என்பதைத் தேர்ந்தெடுங்கள். இரண்டு திரையும் வேண்டுமென்றால், கேம் ஓடும்போது விண்டோஸ் கீ, ஷிஃப்ட், இடது அம்பு மூன்றையும் சேர்த்து அழுத்தினால் ஜன்னல் இந்தப் பக்கம் வந்துவிடும்.

டிவி சம்பந்தமே இல்லாமல் இப்படிக் கறுத்துப்போகிறவர்களுக்கும் ஒரு வழி: விண்டோஸ் கீ, கன்ட்ரோல், ஷிஃப்ட், பி (இது B, மேலே சொன்ன P இல்லை). நான்கையும் ஒன்றாக அழுத்துங்கள். ஒரு சின்ன பீப் சத்தம் வந்து திரை ஒரு முறை மின்னும். கிராபிக்ஸ் டிரைவர் மட்டும் புதிதாகத் தொடங்குகிறது. கணினியை அணைத்துப் போட வேண்டியதில்லை.

மகனுக்குக் கணினி வாங்கிக் கொடுத்தோம். கிராபிக்ஸ் கார்டுக்கு மட்டும் இருபதாயிரத்துக்கு மேல். இப்போது கேம் விட்டுவிட்டு வருகிறது, ஒரு கேம் தகுந்த கார்டு இல்லை என்கிறது. இன்னும் பெரிய கார்டு வேண்டும் என்று கேட்கிறான். உண்மையிலேயே தேவையா? (ஒரு தாயார், கும்பகோணம்)

அம்மா, பணத்தை எடுக்காதீர்கள். மகனை அழைத்துக்கொண்டு கணினியின் பின்பக்கம் போங்கள்.

மேல்பாதியில் யூஎஸ்பி, வட்டமான ஆடியோ ஓட்டைகள், இன்டர்நெட் வயர் சொருகும் இடம் எல்லாம் நெருக்கமாக இருக்கும். அது மதர்போர்டு. அதிலும் மானிட்டர் வயருக்கு ஒரு வாய் உண்டு. அதற்குக் கீழே தள்ளி, குறுக்காகப் படுத்த மாதிரி ஒரு உலோகப் பட்டை, அதில் மூன்று நான்கு வாய்கள். அதுதான் நீங்கள் இருபதாயிரம் கொடுத்த கார்டு. மானிட்டர் வயர் மேலே சொருகியிருக்கிறதா, கீழேயா? மேலே என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. அப்படியானால் பிராசசருக்குள் இருக்கும் சிறிய கிராபிக்ஸில்தான் கேம் இத்தனை நாளும் ஓடியிருக்கிறது, கார்டு சும்மா உட்கார்ந்திருக்கிறது. கணினியை அணைத்துவிட்டு வயரைக் கீழே மாற்றிச் சொருகுங்கள்.

நான் பார்த்த வீடுகளில் இது அடிக்கடி நடக்கிறது. யார்மீதும் குற்றமில்லை. இரண்டு வாயும் அச்சு அசல் ஒரே மாதிரி, மேலே இருப்பதுதான் முதலில் கண்ணில் படும்.

மாற்றியதும் படமே வராவிட்டால் பக்கவாட்டு மூடியைத் திறந்து, கார்டுக்குத் தனி மின் இணைப்பு தேவையா, பவர் சப்ளையிலிருந்து 6 அல்லது 8 ஊசி வயர் அதில் சொருகியிருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள். வயர் முதலிலிருந்தே கீழேதான் இருந்தது என்றால் எனக்கு மறுபடி எழுதுங்கள், கார்டின் பெயரோடு.

இதோடு சேர்ந்த ஒன்று, மற்றவர்களுக்காக. லேப்டாப்பில் இரண்டு கிராபிக்ஸ் இருந்தால் வயர் மாற்றும் வேலை இல்லை. செட்டிங்ஸில் சிஸ்டம், டிஸ்பிளே, கிராபிக்ஸ் என்று போய் அந்தக் கேமைச் சேர்த்து 'ஹை பெர்ஃபார்மன்ஸ்' என்று வையுங்கள். விண்டோஸ் 10-க்கு 2018-இல் வந்த அப்டேட்டிலிருந்து இந்த வசதி இருக்கிறது.

டிஎக்ஸ்டயாக் போட்டுப் பார்த்தேன், டைரக்ட்எக்ஸ் 12 என்று தெளிவாகக் காட்டுகிறது. கேம் மட்டும் டைரக்ட்எக்ஸ் 11 இல்லை என்று மூடிக்கொள்கிறது. 2011-இல் வாங்கிய ஐ3 லேப்டாப், இன்டெல் ஹெச்டி 3000. (மட்டக்களப்பு)

டிஎக்ஸ்டயாக் விண்டோஸோடு வரும் சோதனைக் கருவி. அதன் முதல் பக்கத்தில் காட்டுவது விண்டோஸுக்குள் இருக்கும் டைரக்ட்எக்ஸ் என்ற, கேமுக்கும் கிராபிக்ஸுக்கும் நடுவில் நிற்கும் மென்பொருளின் எண். உங்கள் சிப் என்ன செய்யும் என்பதை அது சொல்லாது. மேலே டிஸ்பிளே என்ற தாவலுக்குப் போய் 'ஃபீச்சர் லெவல்ஸ்' என்ற வரியைப் படியுங்கள். அதில் வரும் மிகப் பெரிய எண்தான் உங்கள் வரம்பு. ஹெச்டி 3000-க்கு அது 10.1-ஓடு நின்றுவிடும். அடுத்த ஆண்டு வந்த ஹெச்டி 4000-இல்தான் இன்டெல் 11-ஐத் தொட்டது.

டிரைவர் போட்டாலும் விண்டோஸ் மாற்றினாலும் இது மாறாது. மாறும் என்று சொல்லி ஒரு புரோகிராமை இறக்கச் சொல்கிறவர்களை நம்பாதீர்கள். டைரக்ட்எக்ஸ் 9 காலத்துக் கேம்கள் இந்த லேப்டாப்பில் இன்றும் அருமையாக ஓடும், அந்தப் பக்கம் ஆட எவ்வளவோ இருக்கிறது.

அண்ணா, டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல் இல்லை என்று வருகிறது. தேடினால் நிறைய தளங்களில் அந்த ஃபைல் மட்டும் கிடைக்கிறது. போடலாமா? (ஒன்பதாம் வகுப்பு, விருதுநகர்)

போடாதே தம்பி. அந்த மாதிரித் தளங்களில் ஃபைலோடு வேறென்ன ஒட்டிக்கொண்டு வருகிறது என்று யாருக்கும் தெரியாது. விண்டோஸ் 10, 11 இரண்டிலும் டைரக்ட்எக்ஸ் 12 இருந்தாலும், பழைய கேம்களுக்கு வேண்டிய இந்தத் துணை ஃபைல்கள் அதோடு வருவதில்லை. மைக்ரோசாஃப்ட் தளத்திலேயே 'டைரக்ட்எக்ஸ் எண்ட்-யூசர் ரன்டைம்ஸ்', ஜூன் 2010 என்று ஒரு தொகுப்பு இலவசமாக இருக்கிறது. அதைப் போட்டால் இந்த ஒன்று மட்டுமில்லை, இதன் அண்ணன் தம்பிகள் எல்லாமே வந்துவிடும். வீட்டுக் கணினி என்றால் அப்பாவிடமோ அம்மாவிடமோ ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போடு.

ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2, பழைய சிடி. திறக்கிறது, ஆடவும் முடிகிறது. ஆனால் தண்ணீர் ஊதா, புல்லில் சிவப்புத் திட்டு. மானிட்டர் போய்விட்டதா? (கோயம்புத்தூர்)

இந்தக் கேள்வி வந்ததில் எனக்குத் தனி சந்தோஷம். 1999-இல் வந்த அந்தக் கேம் ஒரே நேரத்தில் 256 நிறங்களைத்தான் வைத்துக்கொள்ளும். கோலப்பொடிக் கிண்ணங்களை வரிசையாக எண் போட்டு வைத்திருப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். கேம் ஒவ்வொரு புள்ளிக்கும் நிறத்தைச் சொல்வதில்லை, கிண்ணத்தின் எண்ணை மட்டும் சொல்கிறது. 57-ஆம் கிண்ணத்தில் பச்சை இருக்கும் வரை புல் பச்சை. பின்னால் ஓடிக்கொண்டிருக்கும் விண்டோஸ் எக்ஸ்புளோரர் தனக்கு வேண்டும் என்று சில கிண்ணங்களில் வேறு பொடியைக் கொட்டிவிடுகிறது. கேமுக்கு அது தெரியாது, அதே எண்ணைச் சொல்கிறது, சிவப்பு வருகிறது. விண்டோஸ் விஸ்டா, 7 காலத்தில் இந்தத் தொல்லை உச்சத்தில் இருந்தது.

அந்த நாளில் நாங்கள் செய்தது: கேம் திறப்பதற்கு முன் டாஸ்க் மேனேஜரில் எக்ஸ்புளோரரை நிறுத்திவிடுவது. டாஸ்க்பார், ஐகான் எல்லாம் மறைந்துபோகும், பயப்பட வேண்டாம். ஆடி முடித்ததும் அதே டாஸ்க் மேனேஜரில் 'ரன் நியூ டாஸ்க்' போய் எக்ஸ்புளோரர் என்று ஆங்கிலத்தில் அடித்தால் திரும்பி வந்துவிடும். இன்று அதைவிட நல்ல வழி சிஎன்சி-டிட்ரா என்ற இலவச ஓப்பன் சோர்ஸ் கருவி. பழைய கேம் கேட்கும் முறையை இன்றைய கார்டுக்குப் புரிகிற மாதிரி மாற்றிக் கொடுக்கிறது. கேம் இருக்கும் ஃபோல்டரிலேயே அதன் ஃபைல்களைப் போட்டால் போதும். மானிட்டர் நன்றாகத்தான் இருக்கிறது.

சான் ஆண்ட்ரியாஸ்: '800-க்கு 600-க்கு 32 வீடியோ மோட் கிடைக்கவில்லை' என்கிறது. (தாம்பரம்)

கணினிக்கு 2005-இல் வந்த கேம், முதலில் 800-க்கு 600 அளவைத்தான் தேடும். டிரைவர் தரும் பட்டியலில் அந்த அளவு இல்லாவிட்டால் அதோடு நின்றுவிடும். டாக்குமென்ட்ஸில் அந்தக் கேமின் பெயரோடு இருக்கும் ஃபோல்டரைத் திறந்து, பெயர் 'செட்' என்று முடியும் ஃபைலை வேறிடத்துக்கு நகர்த்துங்கள். நீங்கள் சேமித்த ஆட்டங்கள் வேறு ஃபைல்கள், அவற்றுக்கு ஒன்றும் ஆகாது. அதிலும் வராவிட்டால் கிராபிக்ஸ் கன்ட்ரோல் பேனலில் 800-க்கு 600 என்று ஒரு கஸ்டம் ரெசல்யூஷன் நீங்களே சேர்த்துவிடுங்கள்.

144 ஹெர்ட்ஸ் மானிட்டர் வாங்கினேன், பழையதுக்கும் இதுக்கும் வித்தியாசமே தெரியவில்லை. (சேலம்)

விண்டோஸ் இன்னும் 60-லேயே இருக்கும். செட்டிங்ஸ், டிஸ்பிளே, அட்வான்ஸ்டு டிஸ்பிளே. அங்கே 144-ஐத் தேர்ந்தெடுங்கள். பட்டியலில் 144 இல்லாவிட்டால் பெட்டியில் வந்த வயரைப் போடுங்கள், அனேகமாக டிஸ்பிளேபோர்ட்.

ரிச்சி தெருவில் பழைய கார்டு வாங்கினேன். கேம் திறந்து ஐந்து நிமிடத்தில் திரை முழுக்கப் பச்சை, ஊதாக் கட்டங்கள். சாதாரண வேலைக்கு ஒன்றும் இல்லை. டிரைவர் பிரச்சினைதானே? (வேலூர்)

டிரைவராக இருக்கட்டும் என்றுதான் நானும் விரும்புகிறேன். சில ஆண்டுகளுக்கு முன் நானும் ஒரு கடையில் பழைய கார்டு வாங்கினேன். வேர்ட் திறந்தால் சுத்தமாக இருக்கும், படம் ஓட்டினாலும் சரி. கேம் திறந்தால் ஏழாவது எட்டாவது நிமிடத்தில் வானத்தில் முதலில் ஒரு சின்னச் சதுரம், அப்புறம் சதுரங்க அட்டை மாதிரி திரை முழுக்க. டிரைவரை மூன்று முறை மாற்றினேன். கடைசியில் கார்டின் மெமரி சிப் என்று தெரிந்தது. சூடு ஏறினால்தான் அது நோயைக் காட்டும்.

2022 செப்டம்பரில் எதீரியம் என்ற டிஜிட்டல் நாணயம் தன் முறையை மாற்றிக்கொண்டது. கார்டு வைத்து அந்தக் காசைத் தோண்டும் வேலைக்கு அதோடு வழியில்லாமல் போனது. இரவும் பகலும் ஓடிய கார்டுகள் உலகம் முழுக்கப் பழைய சந்தைக்கு வந்தன. அவற்றில் நல்லவையும் உண்டு. ஆனால் நிறுத்தாமல் சூட்டில் கிடந்த மெமரியை நம்பி வாங்க முடியாது.

கட்டங்கள் வந்த உடனே, ஆற விடாமல் கணினியை ரீஸ்டார்ட் செய்து பயாஸுக்குள், அதாவது விண்டோஸ் தொடங்குவதற்கு முன் வரும் அமைப்புத் திரைக்குள், போங்கள். விண்டோஸ் டிரைவர் அங்கே இல்லை. அங்கேயும் புள்ளியோ கோடோ தெரிந்தால் கார்டுதான், கடைக்காரரிடம் அதைப் படம் பிடித்துக் காட்டுங்கள். பயாஸ் சுத்தமாக இருந்தால் அதோடு தீர்ப்பு சொல்லிவிட முடியாது. டிடியூ (டிஸ்பிளே டிரைவர் அன்இன்ஸ்டாலர்) கருவியால் பழைய டிரைவரைச் சேஃப் மோடில் முழுக்க நீக்கிப் புதிதாகப் போட்டுப் பாருங்கள். கார்டின் விசிறி இரண்டும் சுற்றுகிறதா, இறக்கைகளில் தூசி அடைத்திருக்கிறதா என்றும் பாருங்கள். வேலூர் வெயிலில் மூடி அடைத்த கேபினெட் ஒரு காரணமாக இருக்கலாம், மூடியைக் கழற்றிவிட்டு, ஃபேனை அந்தப் பக்கம் திருப்பி ஒரு முறை ஆடிப் பாருங்கள்.

கார்டைச் சமையல் அவனில் வைத்துச் சூடாக்கினால் சரியாகிவிடும் என்று வீடியோக்கள் சுற்றுகின்றன. தயவுசெய்து செய்யாதீர்கள். சில நாள் உயிர் வந்தாலும் மறுபடி போய்விடும், அந்தப் புகை படிந்த அவனில் அப்புறம் சாப்பாடு செய்ய முடியாது.

பயாஸில் என்ன தெரிந்தது, மூடி கழற்றியபோது எத்தனை நிமிடம் தாங்கியது, இந்த இரண்டையும் எழுதி அனுப்புங்கள். அடுத்த முறை உங்கள் கடிதத்திலிருந்தே தொடங்குகிறேன்.