22இல் நின்ற பந்து

அன்புள்ள ஐயா,

1942இல் எடுத்த ஹாலிவுட் படமான ‘காஸாபிளாங்கா’ பற்றிய உங்கள் கட்டுரையில், ரூலெட் என்ற சூதாட்ட மேசையில் நிற்பவரைக் கவனியுங்கள் என்று ஒரு வரி வருகிறது. படத்தை மறுபடி பார்த்தேன். சக்கரத்தைச் சுற்றுகிறார், காசை எண்ணித் தருகிறார், அவ்வளவுதான். டைட்டிலில் பெயர்கூட இல்லை. ஒரு துணை நடிகரிடம் கவனிக்க என்ன இருக்கிறது?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

நம்மூர் சினிமாவில் துணை நடிகர் என்றால் கூட்டத்தில் நிற்பவர். ரூலெட் மேசையில் நிற்கும் அந்த மார்செல் டாலியோவைக் குணச்சித்திர நடிகர் என்றுதான் சொல்ல வேண்டும்.

அகதிகளான ஓர் இளம் தம்பதிக்காக 22ஆம் எண்ணில் பந்து இரண்டு முறை நிற்கிறதல்லவா? நிற்க வைப்பவர் இவர்தான். பிறகு விடுதி முதலாளி வந்து இன்றைய நிலவரம் எப்படி என்று கேட்கிறார். நான் நினைத்ததைவிட இரண்டாயிரம் குறைவு என்கிறார் டாலியோ. அந்த முகத்தைப் பாருங்கள். முறைப்பும் இல்லை, சிரிப்பும் இல்லை. இரண்டுக்கும் நடுவில் எதையோ வைத்திருக்கிறார்.

இந்தப் படத்துக்கு மூன்று வருடங்களுக்கு முன்புவரை அவர் பிரான்சில் பெரிய ஆள். இயக்குநர் ரெனுவாரின் ‘லா கிராந்த் இல்யூசியோன்’ (1937) படத்தில் போர்க்கைதி ரோசந்தால், ‘லா ரேகில் து ழ்யூ’ (1939) படத்தில் மார்க்கி என்ற பட்டமுள்ள பிரபு. யூதக் குடியேறிகளின் மகனுக்குப் பிரபு வேடமா என்று அப்போதே சிலருக்கு எரிச்சல். 1940இல் ஜெர்மானியர்கள் பாரிஸை நெருங்கியபோது, இளம் மனைவி மாதலேன் லெபோவுடன் லிஸ்பனுக்குத் தப்பினார். அங்கிருந்து மெக்சிகோ, கனடா, கடைசியில் ஹாலிவுட். யூத முகம் எப்படியிருக்கும் என்று காட்டும் போஸ்டரில் அவருடைய படத்தையே நாஜிகள் போட்டார்கள். பெற்றோர் வதைமுகாமில் இறந்தார்கள்.

அப்புறம், மதுவிடுதியில் கண்ணீரோடு பிரெஞ்சு தேசிய கீதம் பாடும் இவோன் இருக்கிறாளே, அவள்தான் லெபோ. படம் எடுத்துக்கொண்டிருந்தபோதே டாலியோ மணமுறிவுக்கு விண்ணப்பித்திருந்தார். இதெல்லாம் தெரிந்தபின் அந்த விடுதிக் காட்சிகளை என்னால் வெறும் கதையாகப் பார்க்க முடிவதில்லை.

ஹாலிவுட் அவரை வெறும் ‘பிரெஞ்சுக்காரர்’ ஆகவே வைத்துக்கொண்டது. 1944இல் ஹோவர்ட் ஹாக்ஸ் இயக்கிய படத்தில் அவருடைய பாத்திரத்தின் பட்டப்பெயரே ‘ஃபிரெஞ்சி’. போருக்குப் பின் இரண்டு நாட்டிலும் மாறிமாறி நடித்தார். 1973இல் ‘ரப்பி ஜாக்கோப்’ படத்தில் அந்த ரப்பியாகவே, அதாவது யூத மதகுருவாகவே வந்தார். தலைப்பு இவர் பாத்திரத்துடையது, கதாநாயகன் லூயி து ஃபூனே! 1983இல் பாரிஸில் இறந்தார்.

சரி, ஒரே ஒரு காட்சி பார்க்க நேரமிருந்தால் ‘லா ரேகில் து ழ்யூ’வில் மார்க்கி தன் விருந்தாளிகளுக்குப் தானே இசைக்கும் புதிய இயந்திர ஆர்கனைக் காட்டும் இடத்தைப் பாருங்கள். கேமரா அதிலுள்ள பொம்மைகளின் மேல் நகர்ந்து வந்து அவர் முகத்தில் நிற்கும். பெருமையும் கூச்சமுமாக, புது சைக்கிளைத் தெருவுக்குக் கொண்டுவந்த பையன் போல நின்றுகொண்டிருப்பார்.